கெல்டிக் முடிச்சு யாருடையது?

கேட்கப்பட்ட கேள்வி இது: "நகைக்கடைகளிலும் டாட்டூ கடைகளிலும் 'கெல்டிக் முடிச்சு' என்று ஒரு பின்னலைக் காட்டுகிறார்கள். பல ஆயிரம் ஆண்டு பழையது, முடிவில்லாத வாழ்வின் குறி என்கிறார்கள். இது உண்மையா? மண்ணைத் தோண்டியதில் இதற்கு என்ன ஆதாரம் கிடைத்திருக்கிறது? எங்கே போய்ப் பார்க்கலாம்?"

பதிலைச் சுருக்கமாக முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கெல்ட் மக்களுக்குப் பரம்பரையாக வந்த வடிவம் சுருள். பின்னல் அவர்களிடம் வெளியிலிருந்து வந்து சேர்ந்தது, அதுவும் பெரும்பாலும் கி.பி. 7ஆம் நூற்றாண்டில். வந்ததை எடுத்துத் தங்கள் சுருளோடு கலந்து, ஒன்றரை நூற்றாண்டுக்குள் ஐரோப்பாவில் வேறு யாரும் தொடாத உயரத்துக்குக் கொண்டுபோனார்கள். அந்தக் கலப்பு எந்த ஊரில், எப்படிப்பட்ட பட்டறையில் நடந்தது என்பதைக்கூட இன்று கைகாட்டிச் சொல்ல முடிகிறது. எனக்கு இந்தத் துறையில் மிகவும் பிடித்த விஷயமே அதுதான்.

முதலில் 'கெல்ட்' என்ற பெயர். பழைய கிரேக்கர்கள் ஐரோப்பியப் பெருநிலத்தில் இருந்த சில இனக்குழுக்களை 'கெல்டோய்' என்று அழைத்தார்கள். அயர்லாந்திலும் ஸ்காட்லாந்திலும் வேல்ஸிலும் இருந்தவர்கள் தங்களை அப்படிச் சொல்லிக்கொண்டதில்லை. 1707இல் ஆக்ஸ்போர்டின் ஆஷ்மோலியன் அருங்காட்சியகக் காப்பாளர் எட்வர்ட் லூயிட், ஐரிஷ், வெல்ஷ், கார்னிஷ், பிரெட்டன் மொழிகள் ஒரே குடும்பம் என்று காட்டி எழுதிய பிறகுதான் இந்தப் பெயர் அவர்கள்மேல் ஒட்டிக்கொண்டது. ஆகவே நான் கெல்ட் என்று சொல்லும்போது அந்த மொழிகளைப் பேசியவர்கள் என்று மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். அவர்களோடு ஸ்காட்லாந்தின் வடகிழக்கில் இருந்த பிக்ட் மக்களும் உண்டு. காலம் சுமார் கி.பி. 400 முதல் 1000 வரை. இந்தக் கலைக்கு ஆய்வாளர்கள் வைத்திருக்கும் பெயர் 'இன்சுலார்'. தீவுகளின் கலை என்று பொருள். அதுதான் நியாயமான பெயர் என்று நானும் நினைக்கிறேன். ஏனென்றால் இதில் ஆங்கிலோ-சாக்சன் கையும் கலந்திருக்கிறது.

இந்தக் கலையின் மிகப் பிரபலமான பொருளிலிருந்து தொடங்கலாம். அதன் பெயரிலேயே கொஞ்சம் கடைவிளம்பரம் இருக்கிறது. 1850இல் அயர்லாந்தின் கிழக்குக் கரையில் பெட்டிஸ்டவுன் என்ற ஊரில் ஒரு ப்ரூச் கிடைத்தது. மேலங்கியின் இரு முனைகளைச் சேர்த்துக் குத்திக்கொள்ளும் ஊசி. வட்டப் பகுதி உள்ளங்கைக்குள் அடங்கும், குறுக்களவு சுமார் 8.7 செ.மீ. ஊசி மட்டும் சுமார் 32 செ.மீ. நீளம். அதை விலைக்கு வாங்கிய டப்ளின் நகை வியாபாரி ஜார்ஜ் வாட்டர்ஹவுஸ் அதற்கு 'தாரா ப்ரூச்' என்று பெயர் வைத்தார். தாரா, அயர்லாந்துப் பேரரசர்களின் புராணப் புகழ் பெற்ற குன்று. ப்ரூச்சுக்கும் அந்தக் குன்றுக்கும் ஒரு தொடர்பும் கிடையாது. அதைப் பார்த்துச் செய்த நகல்களை அவர் விற்றுக்கொண்டிருந்தார், ராஜ களை இருந்தால் நன்றாக விற்கும். 1851இல் லண்டன் பெருங்கண்காட்சியில் அசல் ப்ரூச்சையே வைத்தார்கள். இன்று நகைக்கடைகளில் 'கெல்டிக்' என்று விற்பதன் வேர் ஒன்று அந்தக் கடையில் இருக்கிறது.

பெயர் எப்படி வந்திருந்தாலும் பொருள் உண்மையானது, அற்புதமானது. கி.பி. 700 வாக்கில் செய்தது. வெள்ளியில் வார்த்துப் பொன் முலாம் பூசியிருக்கிறார்கள். முன்பக்கத்தில் சிறுசிறு அறைகள், ஒவ்வொன்றிலும் பொன் கம்பி வேலை. தலைமுடி போன்ற கம்பியை மணிமணியாக உருட்டி, உடலை வளைத்துப் பின்னிக்கொள்ளும் விலங்குகளாகப் பற்றவைத்திருக்கிறார்கள். ஊசியோடு தொங்கும் சங்கிலி சேருமிடத்தில் கண்ணாடியில் வார்த்த இரண்டு குட்டி மனிதத் தலைகள். இப்போது அதைத் திருப்பிப் பாருங்கள். துணிமேல் படும் பக்கம், போட்டுக்கொண்டவரைத் தவிர யாருக்கும் தெரியாத பக்கம். அங்கேயும் இடைவெளி விடாமல் வேலை. அங்கேதான் பழைய சுருள்களும் எக்காளம் போல விரிந்து ஒடுங்கும் வளைவுகளும் தகடுகளில் இருக்கின்றன.

அதாவது உலகத்துக்குக் காட்டும் பக்கத்தில் புதிதாக வந்த பின்னல் விலங்குகள், உடலோடு ஒட்டும் பக்கத்தில் தாத்தா பாட்டி காலத்துச் சுருள். செய்தவர் இதை யோசித்துச் செய்தாரா என்று நிரூபிக்க முடியாது. ஆனால் இந்தக் கலையின் கதையே அந்த ஒரு பொருளின் இரண்டு பக்கங்களில் இருக்கிறது.

சுருளின் வயது பெரியது. சுவிட்சர்லாந்தில் ஒரு ஏரிக்கரையில் கிடைத்த பொருட்களை வைத்து 'லா தேன்' என்று அழைக்கப்படும் இரும்புக்கால பாணி அது. கி.மு. 5ஆம் நூற்றாண்டிலிருந்து வருகிறது. பிரிட்டனை ரோம் பிடித்தது, அயர்லாந்தைப் பிடிக்கவில்லை. அதனால் ரோம் பாணி எல்லாவற்றையும் மூடிய காலத்திலும் அந்த மேற்கு ஓரத்தில் சுருள் சாகாமல் இருந்தது. கி.பி. 600 வாக்கில் எழுதப்பட்ட 'காதக்' என்ற திருப்பாடல் சுவடி டப்ளினில் இருக்கிறது. அதில் ஒவ்வொரு பாடலின் முதல் எழுத்தும் பெரிதாக, சுருளும் எக்காள வளைவுமாக அலங்கரிக்கப்பட்டிருக்கும். ஒன்றையொன்று கடித்துப் பின்னும் விலங்குகள் அதில் இல்லை. அதற்கு இரண்டு மூன்று தலைமுறை கழித்து வந்த 'டரோ நூல்' என்ற நற்செய்திச் சுவடியைத் திறந்தால், பக்கம் முழுக்க விரித்த கம்பளம் போலப் பின்னல், இன்னொரு பக்கத்தில் வரிசை வரிசையாகக் கடித்துக்கொள்ளும் விலங்குகள். நடுவில் ஏதோ நடந்திருக்கிறது.

நடந்தது இதுதான். நூல்பின்னல் வடிவம் ரோம் காலத் தரைச் சித்திரங்களில் இருந்தது. பிறகு இத்தாலியிலும் எகிப்தின் காப்டிக் கிறித்தவர்களிடமும் தழைத்தது. விலங்குகள் பின்னும் வகை ஜெர்மானிய இனங்களுடையது. இங்கிலாந்தின் கிழக்கே சட்டன் ஹூவில் 1939இல் தோண்டிய கப்பல் புதைகுழியில் கிடைத்த பொன் இடைவார்ப் பூட்டு அதற்கு நல்ல சாட்சி. அதே புதைகுழியில் கெல்டிக் பட்டறை வேலையான, சுருள் எனாமல் பதித்த தொங்கு கிண்ணங்களும் கிடைத்தன. பொருட்கள் இரு திசையிலும் பயணித்திருக்கின்றன. ஆட்களும் அப்படியே. 563இல் கொலும்பா என்ற ஐரிஷ் துறவி ஸ்காட்லாந்தின் மேற்கே அயோனா தீவில் மடம் வைத்தார். வடக்கு இங்கிலாந்தில் இருந்த நார்தம்பிரியா அரசின் இளவரசன் ஓஸ்வால்ட் சிறுவயதில் அந்தப் பக்கத்தில்தான் அடைக்கலமாக வளர்ந்தான். அரசனானதும் அயோனாவிலிருந்து துறவிகளை வரவழைத்தான், 635இல் லின்டிஸ்ஃபார்ன் மடம் உருவானது. இன்னொரு ஐரிஷ் துறவியான கொலும்பானஸ் வடக்கு இத்தாலியில் பாபியோவில் மடம் கட்டினார். அயர்லாந்துக்கும் இத்தாலிக்கும் இடையே நூல்கள் போய்வர இப்படி வழி திறந்தது.

இவ்வளவு வரலாறு புத்தகத்திலேயே கிடைக்கும். தொல்லியல் அதற்குமேல் என்ன தந்தது என்று கேட்டால், நான் டனாடைக் காட்டுவேன்.

டனாட், ஸ்காட்லாந்தின் மேற்கே ஆர்கைலில் சதுப்பு வெளியின் நடுவே எழும் சிறு பாறைக்குன்று. தால் ரியாட்டா என்ற கேலிக் அரசின், அதாவது ஐரிஷ் மொழி பேசிய அரசின் கோட்டை. உச்சியருகே பாறையில் ஒரு காலடித் தடம் செதுக்கப்பட்டிருக்கிறது. புதிய அரசன் அதில் பாதம் வைத்துப் பட்டம் ஏற்றான் என்று கருதுகிறார்கள். சுற்றுலாப் பயணிகள் அந்தத் தடத்தைப் பார்க்கப் போகிறார்கள். நான் சொல்ல வருவது அதற்குக் கீழே கிடைத்த குப்பையைப் பற்றி. 1904-05, 1929, 1980-81 என்று மூன்று முறை தோண்டினார்கள். உலோகம் உருக்கும் மூசைகள், பொற்கொல்லர் வேலைக் கழிவு, நூற்றுக்கணக்கில் உடைந்த களிமண் அச்சுத் துண்டுகள் கிடைத்தன.

அச்சு ஏன் உடைந்திருக்கிறது? ப்ரூச் வார்ப்பதற்கு ஈயத்திலோ மெழுகிலோ ஒரு மாதிரி செய்து, இரண்டு களிமண் பாளங்களுக்கு நடுவே அழுத்தி எடுப்பார்கள். பாளங்களைச் சேர்த்து மூடி, உருகிய உலோகத்தை ஊற்றுவார்கள். ஆறியதும் அச்சை உடைத்தால்தான் பொருள் வெளியே வரும். நகை ஊரைவிட்டுப் போய்விடும், உடைந்த அச்சு அங்கேயே கிடக்கும். நகை எங்கே கிடைத்தாலும் எங்கே செய்தது என்று அடித்துச் சொல்ல முடியாது. அச்சு பொய் சொல்லாது. அது கிடக்கும் இடமே பட்டறை.

டனாடின் 7ஆம் நூற்றாண்டு அச்சுத் துண்டுகளில், கெல்டிக் வகை ப்ரூச்சின் விளிம்பில் பறவைத் தலைகள் இருக்கின்றன. ஜெர்மானியப் பாணிப் பின்னல் இருக்கிறது. ஆங்கிலோ-சாக்சன் வகை இடைவார்ப் பூட்டு ஒன்றின் அச்சும் உண்டு. பொன்னில் மாணிக்கச் சிவப்புக் கார்னெட் கல் பதித்த ஒரு துண்டும் கிடைத்தது, அது ஜெர்மானிய வேலை. கேலிக் பேசும் அரசனின் கோட்டையில், ஆங்கில நகையை முன்னால் வைத்துக்கொண்டு, கெல்டிக் ப்ரூச்சுக்குப் புது அலங்காரம் வார்த்திருக்கிறார்கள். அயோனா அங்கிருந்து நேர்க்கோட்டில் சுமார் 60 கி.மீ. தூரம்தான். அது மட்டுமல்ல, அதே குன்றில் ஒரு கட்டி அரிதாரமும் கிடைத்தது. சுவடிகளில் பொன்னுக்குப் பதிலாகப் பூசும் மஞ்சள் நிறக் கனிமம், மத்தியதரைக்கடல் பக்கத்திலிருந்து வரவேண்டிய சரக்கு. பிரான்சின் மேற்குக் கரையிலிருந்து வந்த மண்பாண்டங்களும் இருந்தன. மூலைக் கோட்டை என்று நினைக்கும் இடத்துக்கு உலகம் கப்பலில் வந்துபோயிருக்கிறது.

இதைப் போலவே என்னை நெகிழ வைப்பவை பழகு எலும்புகள். அயர்லாந்தின் ஏரிகளில் மரக்கட்டையும் கல்லும் போட்டு உயர்த்திய செயற்கைத் தீவுக் குடியிருப்புகள் உண்டு, கிரானோக் என்பார்கள். அதில் ஒன்றான லகோரை 1930களில் ஹார்வர்ட் குழு தோண்டியது. சாப்பிட்டு எறிந்த மாட்டெலும்பில் பின்னல்களைக் கீறிப் பழகியிருக்கிறார்கள். ஒரு மூலையில் கோணலாகத் தொடங்கி விட்டுவிட்டது, பக்கத்தில் மறுபடி முயன்றது, கடைசியில் ஆழமாக வெட்டிச் சரியாக வந்தது என்று ஒரே எலும்பில் ஒரு கையின் பயிற்சியைப் பார்க்கலாம். வட அயர்லாந்தின் நென்ட்ரம் மடத்தில் இதே வேலை கற்பலகைகளில். பின்னலை வெறும் கையால் யாரும் போடவில்லை. கட்டமும் கவராயமும் வைத்துத்தான் கோடு பிடித்திருக்கிறார்கள். லின்டிஸ்ஃபார்ன் சுவடியின் தாள்களில் கவராய முனை குத்திய துளைகள் இன்றும் இருக்கின்றன.

12ஆம் நூற்றாண்டில் கில்டேரில் இப்படி ஒரு நற்செய்திச் சுவடியைக் கண்ட வேல்ஸ் நாட்டு ஜெரால்டு, இது மனித வேலையல்ல, தேவதூதர் வேலை என்று சொல்லத் தோன்றும் என்று எழுதினார். அவர் பார்த்த சுவடி தொலைந்துவிட்டது. ஆனால் மனிதர் வேலைதான் என்பதற்கு இந்த எலும்புகளைவிட அழகான சான்று எனக்குத் தெரியாது.

வழிபாட்டுப் பாத்திரங்களிலும் அந்தக் கை தெரிகிறது. 1868இல் லிமரிக் மாவட்டத்தில் ஆர்டாவில், பழைய வட்ட மண்கோட்டைக்குள் உருளைக்கிழங்கு தோண்டியவர்களிடம் ஒரு வெள்ளித் திருக்கிண்ணம் சிக்கியது. 8ஆம் நூற்றாண்டுப் பொருள். 350க்கும் மேற்பட்ட உறுப்புகளைச் சேர்த்துச் செய்தது. உடல் வெறுமையான வெள்ளி. அலங்காரம் ஒரு பட்டையிலும் கைப்பிடிகளிலும் மட்டும், அதனால் அது இன்னும் பளிச்சென்று தெரிகிறது. அடிப்பாகத்தின் கீழே ஒரு பெரிய படிகக்கல்லைச் சுற்றிப் பொன்வேலை. கிண்ணத்தை உயர்த்திச் சாய்த்துக் குடிக்கும் அந்த ஒரு கணம்தான் எதிரே இருப்பவர் கண்ணில் அது படும். 1980இல் அயர்லாந்தின் டிப்பரரி மாவட்டத்தில், டெரினாஃப்ளன் என்ற சதுப்பு நடுவிலுள்ள மடத்து மேட்டில், உலோகம் தேடும் கருவியோடு போன தந்தைக்கும் மகனுக்கும் இன்னொரு கிண்ணமும் அதன் அப்பத் தட்டும் கிடைத்தன. அது யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு 1987இல் உச்ச நீதிமன்றத்தில் அரசுக்குச் சாதகமாக முடிந்தது. உரிமையாளர் தெரியாத தொல்பொருள் எல்லாம் அரசுக்கே என்ற 1994ஆம் ஆண்டுச் சட்டம் அதன் விளைவு. எனக்கு அந்தத் தட்டில் பிடித்தது வேறு. உறுப்புகளில் சின்னச் சின்ன எழுத்துகள் கீறியிருக்கின்றன. எந்தத் துண்டு எந்த இடத்தில் பொருந்த வேண்டும் என்ற பட்டறைக் குறிப்புகள். 8ஆம் நூற்றாண்டுக் கம்மியர் எழுத்துத் தெரிந்து, வேலையைத் திட்டமிட்டு, பிரித்துச் செய்திருக்கிறார்.

சரி, சுவடிகளுக்கு வருவோம். 'கெல்ஸ் நூல்' பற்றி எல்லோரும் எழுதிவிட்டார்கள், நான் கொஞ்சம் மட்டும் சொல்கிறேன். கி.பி. 800 வாக்கில் எழுதியது, இன்று 340 ஏடுகள் எஞ்சியிருக்கின்றன. எல்லாம் கன்றுத்தோல், 150க்குக் குறையாத கன்றுகள் தேவைப்பட்டிருக்கும் என்று கணக்கிடுகிறார்கள். ஸ்காண்டிநேவியக் கடற்கொள்ளையரான வைக்கிங்குகள் 795இலிருந்து அயோனாவைத் தாக்கினார்கள். 806இல் 68 பேரைக் கொன்றார்கள். மடத்தின் ஒரு பகுதி அயர்லாந்தின் கெல்ஸுக்கு இடம் பெயர்ந்தது. நூல் அயோனாவில் தொடங்கியதா கெல்ஸில் தொடங்கியதா என்ற வாதம் அதனால்தான். 1007இல் அது திருடுபோய், சில மாதம் கழித்துப் பொன் அட்டை உரிக்கப்பட்டு, புல்தரைக்கு அடியில் கிடைத்தது. அதன் நீல நிறம் ஆப்கானிஸ்தானிலிருந்து வந்த லாபிஸ் லாசுலி கல் என்று வெகுகாலம் எழுதினார்கள். பக்கத்தைத் தொடாமலே லேசர் ஒளியால் ஆராய்ந்தபோது அது அவுரிச் சாயம் என்று தெரிந்தது. இவ்வளவு நுணுக்கமாக வரைந்தவர்கள் எழுத்துப்பிழை விடாதவர்கள் இல்லை. மத்தேயுவில் இயேசு 'சமாதானத்தை அல்ல, வாளையே கொண்டுவந்தேன்' என்று சொல்லும் இடத்தில், வாளுக்கான லத்தீன் சொல் 'கிளாடியம்' தவறி 'கவுடியம்' ஆகிவிட்டது. மகிழ்ச்சி என்று அர்த்தம். எழுதியவரின் கவனம் ஒரு கணம் எங்கேயோ போயிருக்கிறது.

கன்றுத்தோல் எப்படித் தயாரானது என்று மண்ணிலிருந்தே காட்டிய இடம் போர்ட்மஹோமக், ஸ்காட்லாந்தின் வடகிழக்கில் பிக்ட் மக்களின் மடம். யார்க் பல்கலைக்கழகத்தின் மார்ட்டின் கார்வர் 1994 முதல் 2007 வரை அங்கே தோண்டினார். தோலை இழுத்துக் கட்டும் எலும்பு ஆணிகள், தேய்க்கும் கூழாங்கற்கள், சுரண்டும் வளைந்த கத்தி எல்லாம் ஒரே முற்றத்தில். எரிந்த சாம்பலில் மிக நுண்ணிய கடல் உயிரிக் கூடுகள் கலந்திருந்தன. கடற்பாசியில் ஒட்டி வளரும் வகை. சுண்ணாம்புக்கல் இல்லாத ஊரில் முடி நீக்கக் கடற்பாசிச் சாம்பலைப் பயன்படுத்தியிருக்கிறார்கள். கி.பி. 800ஐ ஒட்டி அந்தப் பட்டறை தீக்கிரையானது. செதுக்கிய கற்களை உடைத்துப் போட்டிருக்கிறார்கள்.

பிக்ட் மக்கள் மரபு கல்லில்தான் உயிரோடு இருக்கிறது. பிறையும் உடைந்த அம்பும், இரட்டை வட்டம், வளைந்த மூக்குள்ள ஒரு பெயர் தெரியாத விலங்கு என்று திரும்பத் திரும்ப வரும் குறிகள். அவற்றின் பொருள் இன்னும் அவிழவில்லை, ஆட்பெயர்கள் என்பதுதான் வலுவான யூகம். ஹில்டன் ஆஃப் காட்போல் என்ற ஊரின் கல்லுக்கு நேர்ந்தது மனதை உறுத்தும். முன்பக்கச் சிலுவையை 1676இல் செதுக்கி எடுத்துவிட்டு, அங்கே ஒரு கனவான் தனக்கும் தன் மூன்று மனைவியருக்கும் கல்லறை வாசகம் வெட்டினார். உடைந்த சில்லுகளைப் பிற்காலத்தில் ஆயிரக்கணக்கில் அந்த மண்ணிலிருந்தே பொறுக்கினார்கள். 2001இல் அடிப்பாகமும் கிடைத்தது.

அயர்லாந்தின் உயரமான கற்சிலுவைகள் இந்தக் கலையின் 9, 10ஆம் நூற்றாண்டு உச்சம். அஹெனியில் உள்ளவற்றைப் பார்த்தால் உலோக வேலையின் குமிழாணிகளைக்கூடக் கல்லில் அப்படியே செதுக்கியிருப்பது தெரியும். உலோகத் தகடு போர்த்திய மரச்சிலுவை ஒன்றைப் பார்த்துச் செய்தது போல.

அப்புறம் வைக்கிங்குகள். கொள்ளை போனதில் நிறைய அழியாமல் இருந்தது அவர்களாலேயே. நார்வேயின் கல்லறைகளில், ஐரிஷ் மடங்களின் பெட்டிகளிலும் நூல்களிலும் பெயர்த்த அலங்காரத் தகடுகள் பெண்களின் ப்ரூச்சாக மாறிக் கிடைக்கின்றன. ஸ்வீடனின் ஹெல்கோ தீவில் ஒரே குடியிருப்பில் ஐரிஷ் ஆயரின் செங்கோல் தலையும், எகிப்திய அகப்பையும், இந்தியத் துணைக்கண்டத்தின் வடமேற்கிலிருந்து போன ஒரு சிறு வெண்கலப் புத்தரும் கிடைத்தன. தாரா ப்ரூச்சின் உடன்பிறப்பு போன்ற ஹன்டர்ஸ்டன் ப்ரூச் இப்போது எடின்பரோவில் இருக்கிறது. செய்து இருநூறு ஆண்டுக்குப் பிறகு அதன் பின்பக்கத்தில் ஒருவர் 'இந்த ப்ரூச் மேல்பிரிக்டாவுடையது' என்று வெட்டி வைத்திருக்கிறார். எழுத்து ஸ்காண்டிநேவிய ரூனிக், பெயர் கேலிக்.

இனி உங்கள் கேள்வியின் மிச்சம். முடிச்சு முடிவில்லாத வாழ்வைக் குறிக்கும் என்று அக்காலத் துறவி யாரும் எழுதி வைக்கவில்லை. அது 19ஆம் நூற்றாண்டுக்குப் பிறகு வந்த விளக்கம். டாட்டூ போட்டுக்கொள்ள ஆசை என்றால் தாராளமாகப் போட்டுக்கொள்ளுங்கள், அந்த வடிவம் 1300 ஆண்டு பழையது என்பது போதாதா? பழைய கெல்டிக் வடிவமே வேண்டும் என்றால் சுருளைத் தேர்ந்தெடுங்கள்.

பார்க்க வேண்டிய இடம் டப்ளினின் கில்டேர் தெரு தேசிய அருங்காட்சியகம், அனுமதி இலவசம். தாரா ப்ரூச், ஆர்டா கிண்ணம், டெரினாஃப்ளன் பொருட்கள் மூன்றும் அங்கே இருக்கின்றன. அவற்றைப் பார்த்து முடித்ததும் ஃபாடன் மோர் திருப்பாடல் சுவடியைத் தேடுங்கள். 2006 ஜூலையில் டிப்பரரியின் சதுப்பில் ஓர் எந்திர ஓட்டுநர் மண் வாரும்போது கண்ணில் பட்டது. காற்றுப்பட்டால் கெடும் என்று அங்கிருந்தவர்கள் உடனே ஈரச் சதுப்பு மண்ணைப் போட்டு மூடிவைத்தார்கள், அதனால் பிழைத்தது. 8ஆம் நூற்றாண்டின் பிற்பகுதி நூல், பல பக்கங்களில் தோல் கரைந்து எழுத்து மட்டும் மிதக்கிறது. தோல் அட்டையின் உட்புறம் ஒட்டியிருந்ததைச் சோதித்தபோது அது பாப்பிரஸ் என்று தெரிந்தது. எகிப்தின் நைல் கரைக் கோரைப்புல்.